கண்ணாடித் தொழிலில் பிறந்த சூரிய நிறுவனம்

காஞ்சிபுரம் மாவட்டத்தில் ஸ்ரீபெரும்புதூரை அடுத்த பிள்ளைப்பாக்கம் சிப்காட் வளாகத்தில், ஃபர்ஸ்ட் சோலார் நிறுவனத்தின் சோலார் பேனல் தொழிற்சாலை 2024 ஜனவரி 11 அன்று திறக்கப்பட்டது. ஆண்டுக்கு 3,300 மெகாவாட் திறனுக்குப் பேனல் செய்யக்கூடிய ஆலை இது. முதலீடு ஏறத்தாழ 70 கோடி டாலர். நேரடி வேலை சுமார் ஆயிரம் பேருக்கு. காரும் கைபேசியும் செய்யும் பெரிய ஆலைகளைப் பார்த்துப் பழகிய வட்டாரம்தான் அது. ஆனாலும் இந்த ஆலையைத் தனியாகக் கவனிக்கக் காரணம் இருக்கிறது.

இன்று உலகில் விற்பனையாகும் நூறு சோலார் பேனல்களில் ஏறத்தாழ 97 பேனல்கள் சிலிக்கானால் ஆனவை. அந்தச் சிலிக்கான் தொழிலின் எல்லாப் படிகளிலும் 80 சதவீதத்துக்கு மேல் சீனாவின் கையில் இருப்பதாகச் சர்வதேச எரிசக்தி முகமை 2022-இல் கணக்கிட்டது. பிள்ளைப்பாக்கத்தில் தயாராகும் பேனலிலோ சிலிக்கானே கிடையாது. காட்மியம் டெலூரைடு என்ற வேறொரு பொருளைக் கண்ணாடியின் மேல் மெல்லிய படலமாகப் படியவைத்து அதைச் செய்கிறார்கள். எல்லோரும் சிலிக்கான் வழியில் போனபோது வேறு வழியில் போன இந்த நிறுவனம் எப்படி வளர்ந்தது, பலர் அழிந்த சந்தையில் எப்படி நிலைத்தது, அந்த வளர்ச்சியால் தமிழ்நாட்டுக்கு, குறிப்பாக வெயிலும் மில்லும் கிணறும் நிறைந்த திண்டுக்கல் சமவெளி போன்ற பகுதிகளுக்கு என்ன பயன் என்பவை அறிய வேண்டிய செய்திகள்.

டொலீடோ நகரத்துக் கண்ணாடிக்காரர்

அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்தில் உள்ள டொலீடோவுக்குக் கண்ணாடி நகரம் என்றே பெயர். கார்களுக்கும் கட்டடங்களுக்கும் வேண்டிய கண்ணாடியைத் தலைமுறைகளாகச் செய்துவந்த ஊர் அது. அங்கே வாழ்ந்த ஹரால்டு மெக்மாஸ்டர், கண்ணாடியைச் சூடாக்கி, வளைத்து, சட்டென்று குளிரவைத்து உறுதியாக்கும் இயந்திரங்களை வடிவமைத்துப் பெயர் பெற்றவர். கண்ணாடியைப் பெரிய அளவில், வேகமாக, குறைந்த செலவில் கையாளத் தெரிந்த அவருக்கு ஒரு யோசனை வந்தது: கண்ணாடியின் மேல் மின்சாரம் தரும் படலம் ஒன்றைப் பூச முடிந்தால், சூரிய மின்சாரத்தையும் கண்ணாடி விலைக்கே செய்துவிடலாம்.

1984-இல் அவர் கிளாஸ்டெக் சோலார் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். முதலில் உருவமற்ற சிலிக்கான் படலத்தை முயன்றார்கள். அது எதிர்பார்த்த பலன் தரவில்லை. 1990-இல் சோலார் செல்ஸ் இன்கார்ப்பரேட்டட் என்ற பெயரில் மீண்டும் தொடங்கி, காட்மியம் டெலூரைடுக்கு மாறினார்கள். 1999-இல் வால்மார்ட் குடும்பத்தைச் சேர்ந்த ஜான் வால்டன் பின்னணியில் இருந்த ட்ரூ நார்த் பார்ட்னர்ஸ் என்ற முதலீட்டு நிறுவனம் அதன் பெரும்பங்கை வாங்கியது. ஃபர்ஸ்ட் சோலார் என்ற பெயர் அப்போது வந்ததுதான். வணிக உற்பத்தி தொடங்கியது 2002-இல். அடுத்த ஆண்டு மெக்மாஸ்டர் காலமானார். முதல் நிறுவனத்தின் தொடக்கத்துக்கும் வணிக உற்பத்திக்கும் இடையே 18 ஆண்டுகள் ஓடியிருந்தன. அத்தனை காலமும் வருமானம் இல்லாமல் பணம் போட்டவர்களின் பொறுமைதான் இந்த நிறுவனத்தின் முதல் மூலதனம்.

இரண்டு பொருள்கள், இரண்டு பாதைகள்

சூரிய ஒளி சில பொருள்கள் மீது விழும்போது அவற்றின் எலக்ட்ரான்கள் இடம்பெயரும் ஆற்றலைப் பெறுகின்றன. அந்த எலக்ட்ரான்களை ஒரே திசையில் ஓடவைத்தால் மின்சாரம் கிடைக்கும். சிலிக்கான், காட்மியம் டெலூரைடு இரண்டுமே இதைச் செய்பவை. ஒளியை உறிஞ்சும் திறனில்தான் வேறுபாடு. சிலிக்கான் ஒளியை மெதுவாகவே உறிஞ்சும். எனவே ஒரு மில்லிமீட்டரில் ஏறத்தாழ ஏழில் ஒரு பங்கு தடிமன் வேண்டும். காட்மியம் டெலூரைடுக்கு ஒரு மில்லிமீட்டரில் ஆயிரத்தில் மூன்று பங்கு தடிமன் போதும்.

இந்த வேறுபாடு தொழிற்சாலையின் அமைப்பையே மாற்றிவிடுகிறது. சிலிக்கான் பேனலுக்கு முதலில் குவார்ட்ஸ் கல்லிலிருந்து சிலிக்கானைப் பிரிக்க வேண்டும். அதை மிகத் தூய பாலிசிலிக்கானாகச் சுத்திகரிக்க வேண்டும். இந்தப் படிக்கு ஏராளமான மின்சாரம் செலவாகும். பிறகு உருக்கி உருளைக் கட்டியாக வார்த்து, மெல்லிய வில்லைகளாக அறுத்து, ஒவ்வொரு வில்லையையும் செல்லாக மாற்றி, அறுபது எழுபது செல்களைக் கம்பியால் கோத்துப் பேனலாக்க வேண்டும். இவை பெரும்பாலும் தனித்தனி ஆலைகளில், சில வேளை தனித்தனி நாடுகளில் நடக்கின்றன. ஏதாவது ஒரு கண்ணி அறுந்தாலும் மற்றவை நின்றுபோகும்.

காட்மியம் டெலூரைடு பேனலில் இந்தச் சங்கிலி முழுவதும் ஒரே கூரைக்குள் அடங்கிவிடுகிறது. ஒரு முனையில் கண்ணாடி உள்ளே போகிறது. மறுமுனையில் பேனல் வெளியே வருகிறது.

ஆலைக்குள் நடப்பது

மின்கடத்தும் பூச்சு ஏற்கெனவே பூசிய கண்ணாடித் தகடு முதலில் கழுவப்படுகிறது. பிறகு 600 டிகிரி செல்சியஸ் அளவுக்குச் சூடான அறைக்குள் உருளைகளின் மேல் நகர்கிறது. அங்கே காட்மியம் டெலூரைடு தூள் ஆவியாக்கப்பட்டு, நகர்ந்துகொண்டிருக்கும் கண்ணாடியின் மேல் படிகிறது. ஒரு தகட்டில் படலம் படியச் சில நொடிகளே ஆகும். அடுத்து காட்மியம் குளோரைடு கொண்டு சூடேற்றும் ஒரு படி. படலத்தில் உள்ள நுண்ணிய குறைகளைச் சரிசெய்து மின்சாரம் தடையின்றி ஓட வழிசெய்வது இதுதான்.

பின்னர் லேசர் கதிர் படலத்தை மெல்லிய கோடுகளாகக் கீறி, ஒரே தகட்டை வரிசையாக இணைந்த பல செல்களாகப் பிரிக்கிறது. மேலே உலோகப் பூச்சு, அதன் மேல் ஈரம் புகாத ஒட்டுப்படலம், கடைசியாக மற்றொரு கண்ணாடி. இரண்டு கண்ணாடிகளுக்கு நடுவே படலம் அடைபட்டுவிடும். செயற்கை வெளிச்சத்தில் சோதித்து, மின்திறனை அளந்து பெட்டியில் அடுக்குகிறார்கள். கண்ணாடி உள்ளே போனதிலிருந்து பேனல் வெளியே வரும் வரை நான்கைந்து மணி நேரம்தான்.

பேனலைப் பார்த்தே வகையைச் சொல்லிவிடலாம். சிலிக்கான் பேனலில் நீலமோ கறுப்போ ஆன கட்டம் கட்டமான செல்களும், அவற்றின் குறுக்கே ஓடும் வெள்ளிக் கம்பிகளும் தெரியும். காட்மியம் டெலூரைடு பேனல் ஒரே சீரான கருமையாக இருக்கும். அருகில் போய் உற்றுப் பார்த்தால்தான் லேசர் கீறிய மெல்லிய நேர்கோடுகள் கண்ணுக்குப் படும்.

ஒரு வாட் ஒரு டாலர்

நல்ல தொழில்நுட்பம் இருந்தாலும் வாங்க ஆள் வேண்டும். அந்த ஆளை உருவாக்கியது ஜெர்மனி. சூரிய மின்சாரத்தை மின்கட்டமைப்புக்குக் கொடுப்பவர்களுக்கு 20 ஆண்டுகளுக்கு நிலையான விலை தரும் சட்டத்தை அந்நாடு 2000-இல் கொண்டுவந்தது. 2004-இல் அதை வலுப்படுத்தியது. வீட்டுக் கூரைகளிலும் பழைய ராணுவ விமானத் தளங்களிலும் பேனல்கள் எழுந்தன. லைப்சிக் அருகே 40 மெகாவாட் திறனில் அமைந்த வால்ட்போலென்ஸ் சூரியப் பூங்காவில் இருப்பவை ஃபர்ஸ்ட் சோலாரின் பேனல்கள்தான்.

அதே வேளையில் சிலிக்கானுக்குக் கடும் தட்டுப்பாடு வந்தது. 2008-இல் வெளிச்சந்தையில் ஒரு கிலோ பாலிசிலிக்கான் 400 டாலரைத் தாண்டியது. சிலிக்கானே வேண்டாத நிறுவனத்துக்கு இது பொற்காலம். ஒஹையோவின் பெரிஸ்பர்க்கில் 25 மெகாவாட் உற்பத்தி வரிசையோடு தொடங்கியவர்கள், 2007-இல் ஜெர்மனியின் ஃபிராங்க்ஃபர்ட் ஆன் டெர் ஓடர் நகரிலும், 2008-இல் மலேசியாவின் கூலிம் நகரிலும் ஆலை திறந்தார்கள். ஒரே மாதிரியான உற்பத்தி வரிசையை அச்சுப் பிசகாமல் ஒவ்வொரு ஊரிலும் அமைத்ததுதான் அவர்களின் உத்தி. ஓர் ஆலையில் கற்ற திருத்தம் மறுநாளே மற்ற ஆலைகளுக்கும் போய்ச் சேர்ந்தது.

இதன் பலன் விலையில் தெரிந்தது. 2004-இல் ஒரு வாட் பேனலைச் செய்ய மூன்று டாலருக்கு மேல் செலவானது. 2008-இன் கடைசிக் காலாண்டில் அது 98 சென்ட்டாக இறங்கியது. ஒரு வாட்டுக்கு ஒரு டாலர் என்பது சூரிய மின்தொழில் பல ஆண்டுகளாகக் கனவு கண்டுவந்த எல்லை. அதை முதலில் தாண்டிய நிறுவனம் இதுதான். 2009-இல் ஓராண்டில் 1,000 மெகாவாட்டுக்கு மேல் பேனல் செய்த முதல் நிறுவனமாகவும், அந்த ஆண்டின் உலகின் மிகப் பெரிய பேனல் உற்பத்தியாளராகவும் ஆனது. 2006 நவம்பரில் 20 டாலருக்கு வெளியிடப்பட்ட அதன் பங்கு, 2008-இல் 300 டாலரைக் கடந்திருந்தது.

சீன அலை

அந்த உயரம் நீடிக்கவில்லை. சீன அரசின் கடனுதவியோடும் மாகாணங்களின் நில, மின் சலுகைகளோடும் அங்கே சிலிக்கான் ஆலைகள் அடுத்தடுத்து எழுந்தன. பாலிசிலிக்கான் தட்டுப்பாடு நீங்கி விலை சரிந்தது. ஐரோப்பிய நாடுகள் நிதி நெருக்கடியில் மானியத்தைக் குறைத்தன. அளவுக்கு மீறிய உற்பத்தியும் சுருங்கிய சந்தையும் மோதியபோது, நிறுவனங்கள் வரிசையாக விழுந்தன. அமெரிக்காவின் சோலிண்ட்ரா 2011-இலும், ஒரு காலத்தில் உலக முன்னணியில் இருந்த ஜெர்மனியின் கியூ-செல்ஸ் 2012-இலும் திவாலாயின. 2013-இல் சீனாவின் சன்டெக் நிறுவனத்தின் முக்கிய ஆலையே கடனைக் கட்ட முடியாமல் விழுந்தது.

இந்த நெருக்கடியின் தன்மை திண்டுக்கல்லில் வளர்ந்த எவருக்கும் எளிதில் விளங்கும். கைவேலையால் புகழ்பெற்ற திண்டுக்கல் பூட்டு, இயந்திரத்தில் மொத்தமாகச் செய்து குறைந்த விலைக்கு வந்த அலிகார் பூட்டின் முன்னால் சந்தையை இழந்தது. 2019-இல் புவிசார் குறியீடு கிடைத்தபோது, பூட்டுப் பட்டறைகள் பெரும்பாலும் மூடிக்கிடந்தன. தரம் மட்டும் ஒரு தொழிலைக் காப்பதில்லை. தரத்தோடு அளவும் விலையும் சேர வேண்டும்.

ஃபர்ஸ்ட் சோலாரும் அடி வாங்கியது. 2008 ஜூன் முதல் 2009 ஜூன் வரை செய்த பேனல்களில் ஒரு பகுதி எதிர்பார்த்ததைவிட வேகமாகத் திறன் இழந்ததால், அவற்றைத் தன் செலவில் மாற்றிக்கொடுக்க வேண்டியிருந்தது. 2012 ஏப்ரலில் ஜெர்மனி ஆலையை மூடுவதாகவும், ஏறத்தாழ 2,000 பேரைக் குறைப்பதாகவும் அறிவித்தது. ஆனால் விழவில்லை. அதற்குக் காரணங்கள் மூன்று.

முதலாவது, பேனலை விற்பதோடு நிற்காமல் மின்நிலையங்களையே கட்டத் தொடங்கியது. கலிஃபோர்னியாவில் தலா 550 மெகாவாட் திறன் கொண்ட டோப்பாஸ், டெசர்ட் சன்லைட் ஆகிய இரண்டும் கட்டி முடித்தபோது உலகின் மிகப் பெரிய சூரிய மின்நிலையங்களில் சேர்ந்தன. திறந்த சந்தையில் விலை சரிந்த ஆண்டுகளில் இந்தத் திட்டங்களே அதன் ஆலைகளை ஓடவைத்தன. இரண்டாவது, ஆராய்ச்சிச் செலவைக் கைவிடவில்லை. போட்டிக்கு வந்த ஜெனரல் எலக்ட்ரிக்கின் காட்மியம் டெலூரைடு தொழில்நுட்பத்தையும் 2013-இல் தன்வசமாக்கிக்கொண்டது.

மூன்றாவதுதான் பெரிய துணிச்சல். அதுவரை செய்துவந்த பேனல் சிறியது; பரப்பு முக்கால் சதுர மீட்டர்கூட இராது, திறன் 100 வாட்டை ஒட்டியது. 2016-இல், அடுத்த தலைமுறையாகத் திட்டமிட்டிருந்த ஐந்தாம் வரிசைப் பேனலையே தாண்டிவிட்டு, மூன்று மடங்குக்கு மேல் பெரிய ஆறாம் வரிசைப் பேனலுக்குப் போவதாக முடிவெடுத்தது. பழைய இயந்திரங்களை எடுத்துவிட்டுப் புதியவற்றை நிறுவ வேண்டியிருந்தது. 2018-இல் மலேசியா, வியட்நாம், ஒஹையோ ஆலைகளிலிருந்து 400 வாட்டுக்கு மேல் திறனுள்ள பேனல்கள் வெளிவந்தன. பிள்ளைப்பாக்கத்தில் இப்போது செய்வது அதற்கும் அடுத்த ஏழாம் வரிசை. ஒரு பேனல் 500 வாட்டுக்கு மேல்.

2022 ஆகஸ்டில் அமெரிக்கா கொண்டுவந்த பணவீக்கக் குறைப்புச் சட்டம், உள்நாட்டில் செய்யும் ஒவ்வொரு வாட் பேனலுக்கும் வரிச்சலுகை தந்தது. அலபாமாவிலும் லூசியானாவிலும் புதிய ஆலைகள் எழுந்தன. 2024-இல் நிறுவனம் விற்றது 14,000 மெகாவாட்டுக்கு மேல். விற்பனை வருவாய் 420 கோடி டாலர். சீன நிறுவனங்களின் அளவோடு ஒப்பிட்டால் இது சிறிதுதான். ஆனால் சிலிக்கான் அல்லாத பேனலில் உலகில் இதற்கு நிகரான நிறுவனம் வேறில்லை.

இந்தியாவுக்கு வந்த வழி

இந்தியாவோடு இந்த நிறுவனத்தின் உறவு ஆலை திறப்பதற்கு வெகு முன்பே தொடங்கியது. 2010-இல் தொடங்கிய ஜவஹர்லால் நேரு தேசிய சூரிய மின்திட்டம், சிலிக்கான் பேனல்களை உள்நாட்டிலேயே வாங்க வேண்டும் என்று விதித்தது; மெல்லிய படலப் பேனல்களுக்கு அந்த விதி இல்லை. அமெரிக்க ஏற்றுமதி இறக்குமதி வங்கி, அமெரிக்கப் பேனல்களை வாங்குவோருக்குக் குறைந்த வட்டியில் நீண்ட காலக் கடன் கொடுத்தது. இரண்டும் சேர்ந்ததால் முதல் கட்டத் திட்டங்களில் மெல்லிய படலப் பேனல்கள் பெருமளவில் நுழைந்தன. உள்நாட்டு செல் ஆலைகள் பல முடங்கின. உள்நாட்டுக் கொள்முதல் விதியை எதிர்த்து அமெரிக்கா உலக வர்த்தக அமைப்புக்குப் போனது. 2016-இல் தீர்ப்பு இந்தியாவுக்கு எதிராக வந்தது.

அந்த அனுபவத்திலிருந்து இந்தியா வேறு கருவிகளைக் கையிலெடுத்தது. 2022 ஏப்ரல் 1 முதல் இறக்குமதிப் பேனலுக்கு 40 சதவீதமும் செல்லுக்கு 25 சதவீதமும் சுங்க வரி விதித்தது. உற்பத்தியோடு இணைந்த ஊக்கத்தொகைத் திட்டத்துக்கு இரண்டு கட்டங்களில் மொத்தம் 24,000 கோடி ரூபாய் ஒதுக்கியது. அரசு சார்ந்த திட்டங்களில் பயன்படுத்தத்தக்க பேனல்களின் அங்கீகாரப் பட்டியலை 2024 ஏப்ரலில் மீண்டும் நடைமுறைக்குக் கொண்டுவந்தது.

இந்தப் பின்னணியில்தான் ஃபர்ஸ்ட் சோலார் 2021 ஜூலையில் தமிழ்நாட்டைத் தேர்ந்தெடுத்தது. அந்த ஆண்டு டிசம்பரில் அமெரிக்காவின் சர்வதேச வளர்ச்சி நிதிக் கழகம் 50 கோடி டாலர் வரை கடன் தர ஒப்புக்கொண்டது. சீனாவைச் சாராத பேனல் ஆலை ஒன்று ஆசியாவில் வேண்டும் என்ற அமெரிக்காவின் விருப்பமும், ஆலையும் வேலையும் வேண்டும் என்ற இந்தியாவின் விருப்பமும் பிள்ளைப்பாக்கத்தில் சந்தித்தன. நிலத்தடி நீரை எடுக்காமல், சென்னையின் கழிவுநீரைப் பல படிகளில் சுத்திகரித்துக் கிடைக்கும் நீரைக் கொண்டே இயங்குமாறு ஆலையை அமைத்திருப்பது, தண்ணீர்த் தட்டுப்பாடுள்ள மாநிலத்தில் மற்ற ஆலைகளும் பின்பற்ற வேண்டிய முறை.

தமிழ்நாட்டில் இது தனி ஆலையும் அல்ல. கொல்கத்தாவைச் சேர்ந்த விக்ரம் சோலார் 2021-இல் ஒரகடத்தில் ஆலை திறந்தது. டாடா பவர் நிறுவனம் திருநெல்வேலியை அடுத்த கங்கைகொண்டானில் 4,300 மெகாவாட் அளவுக்குச் செல்லும் பேனலும் செய்யும் ஆலையை அமைத்திருக்கிறது. அதன் தொழிலாளர்களில் பெரும்பான்மையினர் பெண்கள். இவ்விரண்டும் சிலிக்கான் ஆலைகள். இரு வகைத் தொழில்நுட்பமும் ஒரே மாநிலத்தில் வேரூன்றுவது தமிழ்நாட்டுக்குக் கிடைத்த நல்வாய்ப்பு.

திண்டுக்கல் சமவெளியின் தேவை

கொடைக்கானல் மலைக்கும் சிறுமலைக்கும் இடையிலும் வடக்கிலும் விரிந்து கிடக்கும் திண்டுக்கல் சமவெளி பெரும்பாலும் வானம் பார்த்த பூமி. மேற்கு மலைகள் தென்மேற்குப் பருவமழையைத் தடுத்துவிடுவதால், வடகிழக்குப் பருவமழையையே நம்பியிருக்கிறது. உழவனுக்குத் துன்பம் தரும் அதே தெளிந்த வானம், சூரிய மின்சாரத்துக்குச் செல்வம்.

இங்கே மின்சாரத்துக்குப் பெரும் பசி கொண்டவை நூற்பாலைகள். திண்டுக்கல்லைச் சுற்றியும், கரூர் சாலையில் வேடசந்தூர்ப் பக்கமும் மில்கள் இரவு பகலாக மூன்று ஷிப்ட் ஓடுகின்றன. நூல் விலையில் பஞ்சுக்கு அடுத்த பெரிய செலவு மின்சாரமே. 1990-களிலிருந்தே தமிழ்நாட்டு மில்கள் காற்றாலைகளை வைத்து இந்தச் செலவைக் குறைத்துவந்தன. ஆனால் காற்று மே முதல் செப்டம்பர் வரைதான் வலுவாக வீசும். ஜனவரி முதல் ஏப்ரல் வரை காற்று ஓய்ந்திருக்கும் மாதங்களில்தான் வெயில் சீராகக் கிடைக்கிறது. ஆகவே காற்றும் சூரியனும் ஒன்றின் குறையை மற்றொன்று ஈடுகட்டுகின்றன. 2005-ஆம் ஆண்டு மின்சார விதிகளின்படி, ஒரு மின்நிலையத்தில் 26 சதவீதப் பங்கு வைத்து, அதன் உற்பத்தியில் 51 சதவீதத்தைப் பயன்படுத்தும் ஆலைகள் அதைச் சொந்த மின்நிலையமாகக் கணக்கு வைக்கலாம். பல மில்கள் சேர்ந்து ஒரு சூரிய மின்நிலையத்தைப் பங்கிட்டுக்கொள்ள வழிசெய்தது இந்த விதிதான்.

அடுத்தது கிணறு. ஒட்டன்சத்திரத்துக் காய்கறியும் நிலக்கோட்டைப் பூவும் முருங்கையும் மக்காச்சோளமும் விளைவது கிணற்றுப் பாசனத்தில். மும்முனை மின்சாரம் வரும் நேரத்துக்குக் காத்திருந்து, நள்ளிரவில் மோட்டாரைப் போடப் போகும் சிரமத்தைச் சோலார் பம்ப் போக்குகிறது. அரசு மானியத்தில் இது கிடைக்கிறது. ஆனால் செலவில்லாத மின்சாரம், அடிமட்டத்தில் இருக்கும் நிலத்தடி நீரையும் உறிஞ்சிவிடக்கூடும். சொட்டுநீர்ப் பாசனத்தோடு சேர்த்து அமைக்கும்போதுதான் சோலார் பம்ப் உண்மையான உதவி.

மூன்றாவது வீட்டுக் கூரை. 2024 பிப்ரவரியில் தொடங்கிய பிரதமரின் சூர்ய கர் திட்டத்தில் 3 கிலோவாட் அமைப்புக்கு 78,000 ரூபாய் வரை மானியம் கிடைக்கிறது. மானியம் பெற வேண்டுமானால் பேனலும் அதன் உள்ளே இருக்கும் செல்லும் இந்தியாவில் செய்தவையாக இருக்க வேண்டும். திண்டுக்கல் நகரில் ஒரு வீட்டின் மொட்டைமாடியில் ஏறும் பேனல், உள்நாட்டில் செல் ஆலைகள் எத்தனை இருக்கின்றன என்பதை இப்படித்தான் சார்ந்திருக்கிறது.

ஃபர்ஸ்ட் சோலாரின் பேனல்கள் வீட்டுக் கூரைக்கு ஏற்றவையல்ல. இரட்டைக் கண்ணாடியோடு 30 கிலோவுக்கு மேல் எடையுள்ளவை; பெரிய நிலப்பரப்பில் அமையும் மின்நிலையங்களுக்காகவே வடிவமைக்கப்பட்டவை. மில்கள் பங்கு வைக்கும் நிலையங்களும், மின்வாரியத்துக்கு மின்சாரம் விற்கும் நிலையங்களும்தான் அவற்றின் இடம்.

வெயிலின் கணக்கு

சோலார் பேனலுக்கு வேண்டியது வெளிச்சம். வெப்பம் அதற்குப் பகை. பேனலின் பின்புறம் ஒட்டியுள்ள தாளில் எழுதியிருக்கும் வாட் அளவு, 25 டிகிரி வெப்பத்தில் சோதித்தது. சித்திரை வெயிலில் காற்று 40 டிகிரியை நெருங்கும்போது, கண்ணாடிக்கு உள்ளே 65 டிகிரி வரை ஏறும். விற்பவர் தரும் விவரத்தாளில், ஒரு டிகிரி கூடினால் எத்தனை சதவீதத் திறன் குறையும் என்ற எண் இருக்கும். வாங்குபவர் கேட்டுப் பார்க்க வேண்டிய எண் அது.

பழைய வகைச் சிலிக்கான் பேனலில் அது 0.40 சதவீதத்தை ஒட்டியது. 40 டிகிரி கூடினால் 16 சதவீதம் போய்விடும். 1,000 வாட் அமைப்பு 840 வாட்தான் தரும். காட்மியம் டெலூரைடு பேனலில் அது 0.32 சதவீதம் என்றால், அதே வெயிலில் 870 வாட்டுக்குச் சற்றுக் கூடுதலாகக் கிடைக்கும். சூடான நாடுகளில் இந்தப் பேனல் விலைபோனதற்கு இது ஒரு காரணம். ஆனால் இப்போது வரும் புதிய வகைச் சிலிக்கான் பேனல்கள் 0.30 சதவீதம் வரை இறங்கிவந்து, அந்த இடைவெளியை மூடிவிட்டன. ஒரு சதுர மீட்டருக்குக் கிடைக்கும் மின்சாரத்திலும் சிலிக்கானே முன்னால் நிற்கிறது: அது ஒளியில் 22 சதவீதத்துக்கு மேல் மின்சாரமாக்குகிறது, காட்மியம் டெலூரைடு 19, 20 சதவீதம். ஒரே அளவு மின்சாரத்துக்குப் பின்னதற்குக் கூடுதல் நிலம் வேண்டும். ஆகவே இந்த நிறுவனத்தின் பலம் பேனலின் திறனில் மட்டும் இல்லை. சீனச் சங்கிலியைச் சாராத உற்பத்தி முறையில்தான் பெரும்பகுதி இருக்கிறது.

காட்மியமும் டெலூரியமும்

காட்மியம் நச்சு உலோகம். டெலூரியத்தோடு சேர்ந்த நிலையில் அது நீரில் எளிதில் கரையாது. இரு கண்ணாடிகளுக்கு நடுவே அடைபட்டிருக்கும்வரை ஆபத்து மிகக் குறைவு. கேள்வி எழுவது, பேனலின் 25, 30 ஆண்டு ஆயுள் முடியும்போது. பேனலைத் திரும்பப் பெற்று மறுசுழற்சி செய்யும் ஏற்பாட்டை ஃபர்ஸ்ட் சோலார் 2005-லேயே தொடங்கியது. பேனலை உடைத்து, அமிலத்தில் கரைத்து, கண்ணாடியையும் உலோகங்களையும் பிரித்து, பெரும்பகுதியை மீட்கிறார்கள். இந்தியாவில் 2023 ஏப்ரல் முதல் நடைமுறையில் உள்ள மின்னணுக் கழிவு விதிகள், பழைய சோலார் பேனல்களைக் கையாளும் பொறுப்பை உற்பத்தியாளர் மீது வைக்கின்றன. உடைந்த பேனல் குப்பைமேட்டுக்கோ பழைய இரும்புக் கடைக்கோ போகாமல் பார்த்துக்கொள்வது, எந்த வகைப் பேனலுக்கும் பொருந்தும் கடமை.

டெலூரியத்தின் சிக்கல் வேறு. தாமிரத்தைச் சுத்திகரிக்கும்போது மிஞ்சும் கசடிலிருந்து சிறிதளவே கிடைக்கும் அரிய தனிமம் அது. அதை அதிகம் சுத்திகரிக்கும் நாடு சீனா. 2025 பிப்ரவரியில் அதன் ஏற்றுமதிக்குக் கட்டுப்பாடும் விதித்தது. சிலிக்கான் சங்கிலியிலிருந்து விலகிய நிறுவனமும் கனிமத்தில் முழு விடுதலை அடைந்துவிடவில்லை. பழைய பேனலிலிருந்து டெலூரியத்தை மீட்பது அதனால் சுற்றுச்சூழல் கடமையோடு வணிகத் தேவையாகவும் ஆகிறது.

அடுத்த கட்டம்

2025-இல் ஒரு வாட் சிலிக்கான் பேனலைச் சீனா 10 சென்ட் அளவுக்கு விற்றது. 2008-இல் சாதனையாகக் கொண்டாடிய 98 சென்ட்டில் இது பத்தில் ஒரு பங்கு. இந்த விலையோடு எந்த நாட்டு ஆலையும் சுங்க வரியின் துணையின்றிப் போட்டியிடுவது கடினம். வரி இருபக்கமும் வெட்டும்: அமெரிக்கா 2025 ஆகஸ்டில் இந்தியப் பொருள்கள் மீதான வரியை 50 சதவீதமாக உயர்த்தியபோது, அமெரிக்கச் சந்தையையும் கணக்கில் வைத்துக் கட்டிய இந்திய ஆலைகளுக்கு அது நேரடியான அடி. இன்னொரு பக்கம், இந்தியாவின் அங்கீகாரப் பட்டியலில் உள்ள பேனல் உற்பத்தித் திறன் 2025-இல் ஆண்டுக்கு ஒரு லட்சம் மெகாவாட்டைத் தொட்டது. உள்நாட்டுத் தேவையைவிட இது பெரிது. 2011-இல் உலகச் சந்தையில் நடந்தது போன்ற நெருக்கடி இந்தியாவிலும் வரலாம். வலுவில்லாத ஆலைகள் மூடப்படலாம்.

அப்படி வந்தால் எது நிலைக்கும் என்பதற்கு ஃபர்ஸ்ட் சோலாரின் வரலாறே விடை. அந்த நிறுவனத்தைக் காப்பாற்றியது குறைந்த கூலியோ மானியமோ மட்டும் அல்ல; பிறரிடம் இல்லாத தொழில்நுட்பமும், அதை விடாமல் மேம்படுத்திய ஆராய்ச்சியும். 2023-இல் பெரோவ்ஸ்கைட் என்ற அடுத்த தலைமுறைப் படலத்தில் பணியாற்றும் ஸ்வீடன் நாட்டு எவோலார் நிறுவனத்தை வாங்கியதும், 2024-இல் ஒஹையோவில் புதிய ஆராய்ச்சி மையம் திறந்ததும் அதே போக்கின் தொடர்ச்சி.

தமிழ்நாட்டில் இப்போது இருப்பது ஆலை. அதன் மூளை இன்னும் ஒஹையோவில் இருக்கிறது. ஆயிரம் பேருக்கு வேலை என்பது நல்ல தொடக்கம். அந்த ஆயிரம் பேரில் சிலராவது நாளை புதிய படலத்தையும் புதிய இயந்திரத்தையும் வடிவமைப்பவர்களாக வளர வேண்டும். திண்டுக்கல்லை அடுத்த காந்திகிராம கிராமியப் பல்கலைக்கழகத்தில் ஊரக எரிசக்தி பல ஆண்டுகளாகப் பாடமாகவும் ஆய்வாகவும் இருந்துவருகிறது. இது போன்ற கல்வி நிலையங்களையும் பொறியியல் கல்லூரிகளையும் பேனல் ஆலைகளோடு இணைப்பது, தூசியும் வெப்பமும் மிகுந்த நம் நிலத்தில் பேனல்கள் எப்படி உழைக்கின்றன என்று ஆண்டுக்கணக்கில் அளந்து பார்ப்பது, பழைய பேனலை மீட்கும் தொழிலை இங்கேயே வளர்ப்பது ஆகிய மூன்றும் அரசும் தொழிலும் சேர்ந்து உடனே தொடங்கக்கூடிய வேலைகள். பேனலை வாங்கிப் பொருத்துவதோடு நின்றுவிடாமல், செய்யவும் மேம்படுத்தவும் கற்றுக்கொள்ளும் மாநிலத்துக்குத்தான் சூரிய மின்சாரத்தின் முழுப் பயனும் சேரும்.